நாலு அங்குலம்

செப்டம்பர் முதல் சனி.
வேலிக்கு அப்பால் சோளம்
ஆளுயரம் தாண்டி நின்றது.
ஆட்டம் பார்க்க வந்த கூட்டத்தில்
அதுவே பெரும்பான்மை.

ஆஸ்டர்லி கல்லூரி:
நாலு செங்கல் கட்டடம், ஒரு மணிக்கூண்டு,
மணி கிடையாது.
அணியில் நாற்பத்தொரு பேர்.
எதிரணி வந்து இறங்கியதோ
மூன்று பேருந்துகளில்.

நான் சங்கிலிக்காரி.
வாரநாளில் தானியக் கிடங்கு எடைமேடையில்
லாரி ஏற, லாரி இறங்க, சீட்டு எழுதுகிறவள்.
சனிக்கிழமை, கோட்டோரத்தில்
பத்து கஜச் சங்கிலிக்குக் கிளிப் மாட்டுகிறவள்.
பின்கோல் பிடிப்பது லைல் டோஸ்டன்சன், பல் வைத்தியர்.
முன்கோல் மார்வ் க்வாம்,
அவருக்கு ஒரு முழங்கால் உலோகம்.
மூவருக்கும் விதி ஒன்று:
கை தட்டக் கூடாது.
கூலி ஒரு ஹாட்டாக், ஒரு காபி.

முதல் ஆட்டம் ஐம்பத்திரண்டுக்கு மூன்று.
அந்த மூன்றும் காற்று போட்ட பிச்சை.
இரண்டாவதை விட்டுவிடுங்கள்.
மூன்றாவதில் கோல்பி ரெஸ்னரின் காறையெலும்பு
காய்ந்த தட்டை மாதிரி முறிந்தது.
எனக்குக் கேட்டது.
மேலே, அணிக்குப் புது ஹெல்மெட் வாங்க
பரிசுச்சீட்டு விற்றுக்கொண்டிருந்த
அவன் அம்மாவுக்குக் கேட்கவில்லை.

பந்தெறியும் வேலை
மக்காய் ப்ரூட்டுக்கு வந்தது.
அதுவரை பிடிக்கிறவனாய் இருந்தவன்.
பழக்கதோஷம்,
எறிந்த பந்தின் பின்னாலேயே இரண்டடி ஓடிவிடுவான்.
கோச் ஸ்ட்ரூபல் தொப்பியைக் கழற்றுவார்,
உள்ளே பார்ப்பார், மாட்டிக்கொள்வார்.

தெற்கு டகோட்டா போகும் வழியில்
பஸ் நின்றது. பையன்கள் இறங்கித் தள்ளினார்கள்.
அன்றைக்கு அவர்கள் முன்னேறிய தூரம்
அது மட்டும்தான் என்றார் மார்வ்.

பிறகு அக்டோபர் பதினெட்டு.
வானத்திலிருந்து மழையுமில்லாத பனியுமில்லாத
பெயரில்லாத ஒன்று விழுந்துகொண்டிருந்தது.
பதின்மூன்றுக்குப் பதினேழு, நாங்கள் கீழே.
நாலாவது முயற்சி, கடைசி முயற்சி.
ஃபாலெனிகோ துயிலோமா
முந்நூறு பவுண்டு உடம்போடு
சேற்றைத் தலையால் முட்டித் திறந்தான்.
மேலே மேலே ஆட்கள் விழுந்தார்கள்.
நடுவர் எங்களைக் கூப்பிட்டார்.

ஓடினோம். மார்வ் நொண்டினார்.
கிளிப்பைக் கோட்டில் வைத்தேன்.
சங்கிலி விறைத்தது.
பந்தின் மூக்கு
கோலைத் தாண்டி
நகக்கண் அளவு.

அதன்பின் ஐந்தாவது ஆட்டத்துண்டில்
மக்காய் யாருக்கும் எறியாமல்
தானே எடுத்துக்கொண்டு ஓடினான்.
இருநூறு பேர் போட்ட கூச்சலில்
கிடங்குப் புறாக்கள் கிளம்பின.
ஃபாலெனிகோ புல்லில் உட்கார்ந்து
பல்லுறையைக் கழற்ற மறந்து அழுதான்.
நான் கை தட்டவில்லை.

ராத்திரி கையுறையைக் கணப்பின் மேல் உலர்த்தும்போது
விரல்களுக்கு ஞாபகம் வந்தது.
பின்விளிம்பில் மாட்டு, பின்விளிம்பில் வை.
பதினைந்து வருஷமாய் அதுதான்.
அன்று குளிரில்
கோட்டின் முன்விளிம்பில் மாட்டியிருக்கிறேன்.
அளக்கும்போது பின்விளிம்பில் வைத்திருக்கிறேன்.
கோட்டின் கனம் நாலு அங்குலம்.

திங்களன்று எடைச்சீட்டின் முதுகில்
படம் போட்டுப் பார்த்தேன்.
மறுபடியும் போட்டேன்.
ஈரப்பதத்துக்கு அரை சதவீதம் கழித்தாலே
என்னோடு சண்டைக்கு வரும் விவசாயிகள்
அன்று ஒவ்வொருவராய் ஜன்னலில் குனிந்து
"ஜெயிச்சுட்டோம் பாத்தியா" என்றார்கள்.
சீட்டைக் கிழித்துக் கொடுத்தேன்.

மிச்சம் மூன்றிலும் தோற்றோம்.
பத்துக்கு ஒன்று.
அந்த ஒன்றை இப்போது சட்டம் போட்டு
உடற்பயிற்சிக் கூட வாசலில் மாட்டியிருக்கிறார்கள்:
சேறு, பந்து, கோல்,
ஓரத்தில் பாதி வெட்டுப்பட்டு என் கை.
கடந்து போகிற பையன்கள்
பந்தைத்தான் தொடுகிறார்கள்.

டிசம்பரில் கடைவாய்ப்பல் வலி.
லைல் விளக்கை இழுத்து
வாய்க்குள் கண்ணாடியும் கொக்கியும் விட்டுவிட்டு
வெகுநேரம் பேசவில்லை.
"அன்றைக்கு அந்தக் கிளிப்..." என்றார்.
என் நாக்கின் மேல் பஞ்சு.
அவர் கண் என் பல்லிலேயே இருந்தது.

"இன்னும் கொஞ்சம் திறங்கள்,"
என்றார்.